கறுவலின் இரண்டாவது கடி

ஹனீபா காக்காவை அவருடைய நாய் இரண்டு தரம் கடித்தது. முதலாவது கடிக்கு நான் பொறுப்பில்லை. இரண்டாவது கடி முழுக்க முழுக்க என்னுடைய வேலை. பென்ஷன் எடுத்த பிறகுதான் இதை எழுதுகிறேன். வேலையில் இருக்கும்போது எழுதியிருந்தால் விளக்கக் கடிதம் கேட்டிருப்பார்கள்.

கிண்ணியாப் பக்கம் ஒரு கால்நடை வைத்திய அலுவலகத்தில் கால்நடை அபிவிருத்திப் போதனாசிரியையாக இருந்தேன். பதவியின் பெயர்தான் நீளம். வேலை என்னவென்றால் ஆட்டுக்குப் பூச்சி மருந்து, மாட்டுக்குச் சினைப்படுத்தல், நாய்க்கு விசர்நோய்த் தடுப்பூசி. காலை ஏழு மணிக்குத் திருகோணமலைப் பட்டினத்தில் ஸ்கூட்டியை ஸ்டார்ட் பண்ணினால், சீனன்குடா வரைக்கும் ஒரு பக்கம் துறைமுகத்துத் தண்ணீர் கூடவே வரும். சீனன்குடாவில் பயிற்சி விமானம் தலைக்கு மேலால் தாழப் பறந்து, ஹெல்மெட்டுக்குள்ளும் காதை அடைக்கும். அந்தச் சத்தத்தை நான் திட்டாத நாளில்லை. இப்போது காலையில் வீட்டு வாசலில் தேத்தண்ணீர் குடிக்கும்போது அது கேட்காமல் ஒரு மாதிரி இருக்கிறது. யாரிடம் போய்ச் சொல்வது?

1. கப்பல்துறைக் கிளார்க்கின் வாழைக்குலை

என் பிழைக்கு முதல் காரணம் ஒரு வாழைக்குலை. அதைச் சொல்லாமல் மற்றதைச் சொல்ல ஏலாது.

கப்பல்துறையில் ஒரு கிளார்க். அவர் வேலைக்குப் போன நிமிடத்திலிருந்து திரும்பி வரும் வரைக்கும் அவருடைய நாய் ஊளையிடுகிறது என்று அயலவர்கள் முறைப்பாடு. போய்ப் பார்த்தேன். குசினிக்குப் பின்னால் இரண்டு முழச் சங்கிலியில் நாய் நின்றது.

"இதுக்கு விசர் பிடிச்சிட்டுது மிஸ்," என்றார்.

"விசரும் இல்லை, ஒண்டும் இல்லை. கடைசியா எப்ப இதைத் தடவிக் குடுத்தனீங்கள்?"

"தடவுறதோ? நாய் எண்டா காவலுக்குத்தானே மிஸ்."

பின்னேரம் வந்ததும் அவிழ்த்துவிட்டு அரை மணித்தியாலம் பக்கத்தில் இருத்தித் தடவச் சொன்னேன். ஒரு மாதத்தில் ஊளை நின்றுவிட்டது. மனிதர் ஒரு கதலிக் குலையைத் தூக்கிக்கொண்டு அலுவலகத்துக்கே வந்துவிட்டார். எல்லோரும் பழத்தைத் தின்றார்கள். எனக்கு மட்டும் அது தலைக்கு ஏறிவிட்டது. அதற்குப் பிறகு கடிக்கிற நாய், குரைக்கிற நாய், செருப்புத் தின்கிற நாய் என்று எது வந்தாலும் என்னிடம் ஒரே மருந்துதான். "தடவுங்கோ!"

2. பேசாத மனிதர்

ஒரு திங்கட்கிழமை நசார் என்பவர் தன் மச்சான் ஹனீபா காக்காவை மோட்டார் சைக்கிளில் ஏற்றிக்கொண்டு வந்தார். காக்கா என்றால் அந்தப் பக்கத்து முஸ்லிம்கள் அண்ணனைச் சொல்கிற முறை. ஹனீபா காக்கா குறிஞ்சாக்கேணியில் மாட்டுப் பட்டி வைத்திருப்பவர். முந்தின நாள் அந்தியில் அவருடைய பட்டி நாய் கறுவல் அவருடைய காலையே பிடித்துவிட்டது. ஆஸ்பத்திரியில் ஊசி போட்டுக் கட்டுக் கட்டியிருந்தார்கள். மனிதர் கழுத்தைச் சுற்றித் துவாய் ஒன்றைப் போட்டுக்கொண்டு, கதிரையில் இருந்து நிலத்தைப் பார்த்தபடி இருந்தார். கதை எல்லாம் நசார்தான்.

"ஒரு மாசமா இது சொல்வழி கேக்குதில்ல மிஸ். பட்டிக்குள்ள கால் வச்சா உறுமுது. வளத்த ஆளையே கடிச்ச நாய் நாளைக்கு என்ட புள்ளயக் கடிச்சா ஆர் பதில் சொல்றது? மச்சானும் சரியெண்டுட்டார். ஊசி போட்டு முடிச்சிருங்க."

எங்கள் டொக்டர் இளம் ஆள், ஆனால் நிதானமானவர். "கடிச்ச நாயைப் பதினாலு நாள் கட்டி வச்சுப் பாக்க வேணும். விசர் இல்லையெண்டு தெரிஞ்ச பிறகு மற்றதைக் கதைப்பம்," என்றார்.

"சரி டொக்டர். பதினாலாம் நாள் எனக்கு ஒரு முடிவு வேணும்," என்றார் நசார்.

படிவம் நிரப்ப வேண்டியது நான். நாயின் வயது ஒன்பது. ஒன்பது வருடத் தடுப்பூசி அட்டையும் பொலித்தீன் உறைக்குள் ஒரு மடிப்புக்கூட இல்லாமல் இருந்தது. சொந்தப் பிள்ளையின் கிளினிக் கொப்பியையே தொலைத்துவிட்டு வருகிற ஊரில் நாயின் அட்டையை இப்படி வைத்திருக்கிற மனிதர் யார் என்று நான் யோசித்திருக்க வேண்டும். எங்கே யோசித்தேன்? வாழைக்குலை விட்டால்தானே!

"காக்கா, கறுவலைக் கடைசியா எப்ப தடவிக் குடுத்தனீங்கள்?"

அவர் தலையை இல்லை என்று ஆட்டினார். நசார் இடையில் விழுந்தார்.

"நாங்க நாயைத் தொட மாட்டோமே மிஸ். எச்சில் பட்டா ஏழு தரம் கழுவோணும், அதுல ஒருக்கா மண் போட்டு. பட்டிக் காவலுக்கு வச்சிருக்கலாம். சோறு வைக்கிறது, அவ்வளவுதான்."

இது எனக்குத் தெரியாத விஷயமா? அந்த மக்களுக்குள்தான் என் பாதி ஆயுள் போனது. இருந்தும் நான் நாக்கை அடக்கவில்லை.

"தொடாத நாய் எப்பிடிக் காக்கா உங்களைத் தன்ர ஆள் எண்டு நினைக்கும்? கையில என்னத்தையாவது சுத்திக்கொண்டு ஒரு பத்து நிமிஷம் தடவிப் பாருங்கோ."

அவர் அப்போதுதான் நிமிர்ந்து என் முகத்தைப் பார்த்தார். பிறகு தலையை ஆட்டினார். ஒரு வார்த்தை பேசவில்லை. கல் நெஞ்சுக்கார மனிசன் என்று மனதுக்குள் முடிவு கட்டிவிட்டு, குறிப்புக் கொப்பியில் "உரிமையாளரிடம் பாசம் இல்லை" என்று எழுதினேன். அடிக்கோடு வேறு போட்டேன்.

3. இரண்டு சொப்பிங் பேக்

வியாழக்கிழமை காலை போன் வந்தது. ஹனீபா காக்காவின் மகள் ரிஸ்னா.

"மிஸ், கறுவல் வாப்பாவைத் திரும்பவும் கடிச்சிட்டுது. கையில."

"என்ன பிள்ளை சொல்றீங்கள்? எப்பிடி?"

"நீங்க சொன்ன மாதிரித்தான் மிஸ். வாப்பா வலக் கையில ரெண்டு சொப்பிங் பேக்கைப் போட்டு, ரப்பர் பேண்டால கட்டிக்கொண்டு, கிட்டப் போய்க் குந்தித் தலையில கை வைக்கப் போனார்."

ஒன்பது வருடமாக, ஊசி போடுகிற கையைத் தவிர மனிதக் கை படாத நாய். சங்கிலியில் கட்டிக் கிடக்கிறது, ஓட இடமில்லை. சரசரவென்று சத்தம் போடுகிற வெள்ளைக் கை ஒன்று தலைக்கு மேலால் வந்தால் அது என்ன செய்யும்? நானாக இருந்தாலும் கடித்திருப்பேன்.

டொக்டரிடம் மறைக்கவில்லை. "ஆரைக் கேட்டு மிஸ் இந்த மருந்து குடுத்தனீங்கள்?" என்று மட்டும் கேட்டார். அந்த ஒரு கேள்வி போதுமாக இருந்தது. அன்று பின்னேரமே குறிஞ்சாக்கேணிக்குப் போனேன்.

4. றோட்டைப் பார்த்த நாய்

கத்துவார்கள் என்று நினைத்துக்கொண்டுதான் படலையைத் திறந்தேன். ஹனீபா காக்கா கட்டுப் போட்ட கையோடு கதிரை ஒன்றை இழுத்து எனக்கு வைத்தார். ரிஸ்னா பிளேன்ரீ கொண்டு வந்தாள். மன்னிப்புக் கேட்டேன். அவர் மற்றக் கையை விசுக்கி, விடுங்கள் என்பதுபோல் காட்டினார்.

"ஒரு மாசத்துக்கு முன்னம் இது எப்பிடி இருந்தது பிள்ளை?"

"ஒரு கூப்பிடுதான் மிஸ். வாப்பா படலையடியில நிண்டு 'டேய் கறுவல், வளைச்சு வாடா' எண்டா, களப்புக் கரையில நிக்கிற மாட்டையும் கொண்டு வந்து சேத்திடும். அந்தச் சத்தம் அடுத்த தெருவுக்கும் கேக்கும்."

"இப்ப ஏன் காக்கா கூப்பிடுறேல்ல?"

பிள்ளை தகப்பனைப் பார்த்தாள். அவர் கொஞ்சம் யோசித்துவிட்டுக் கழுத்திலிருந்த துவாயை எடுத்தார். கழுத்தில் புதுத் தழும்பு. தொண்டையில் கட்டி வந்து, வெளியூர் ஆஸ்பத்திரியில் நெடுநாள் இருந்து வெட்டி எடுத்திருக்கிறார்கள். உயிர் தப்பியது, குரல் போய்விட்டது. எனக்குக் காட்டுவதற்காக வாயைத் திறந்து "கறுவல்" என்றார். சைக்கிள் ரியூப்பில் காற்றுப் போகிற மாதிரி ஒரு சத்தம்தான் வந்தது.

"வீட்ட வந்த நாள்ல இருந்து கையைக் காட்டுவார், தடியை ஆட்டுவார். அதுக்கு விளங்காட்டி மண்ணாங்கட்டியால எறிவார். முந்தி ஒரு நாளும் அதுக்கு எறிஞ்சதில்ல மிஸ். ஞாயிற்றுக்கிழமை அந்தியிலயும் தடியைத் தூக்கிக்கொண்டு பின்னால போனார், அப்பத்தான் காலைப் பிடிச்சது."

அந்த நேரம் மாடுகள் வரத் தொடங்கின. வேப்பமரத்தில் கட்டியிருந்த கறுவல் எழும்பி நின்றது. ஹனீபா காக்கா அதற்கு நேர் முன்னால்தான் நின்றார். நாய் அவரைத் தாண்டி, இரண்டு காதையும் நிமிர்த்தி, றோட்டையே பார்த்தது.

"அது ஆரைப் பாக்குது?" என்று கேட்டேன்.

"வாப்பாவை மிஸ்."

"வாப்பா முன்னால நிக்கிறாரே!"

"அதுக்கு அந்தக் குரல்தான் மிஸ் வாப்பா."

மோப்பம் தெரியாதா என்று நீங்கள் கேட்கலாம். தெரியும். மணம் அவருடையது, ஆனால் தடியும் மண்ணாங்கட்டியும் அந்நியனுடையவை. இதில் எதை நம்புவது என்று அந்தப் பிராணிக்குத் தெரியவில்லை. ஒன்பது வருடம் தொடாமலே அந்த மனிதர் அதைத் தன் குரலால் வளர்த்திருக்கிறார். அதைத்தான் நான் பாசம் இல்லை என்று அடிக்கோடு போட்டு எழுதியிருந்தேன். வெட்கமாக இருந்தது.

5. பதினாலாம் நாள்

போன குரலை நான் எங்கேயிருந்து கொண்டு வருவது? அந்த வியாழக்கிழமை அவர்கள் வாசலிலேயே யோசித்துக்கொண்டு இருந்தபோது, ரிஸ்னா பால் கேனைக் கழுவி மூடியைப் போட்டாள். டங் என்றது. கறுவலின் ஒரு காது சட்டென்று இந்தப் பக்கம் திரும்பியது. பட்டியில் ஹனீபா காக்கா பால் கறந்து முடித்துக் கேனை மூடுகிற சத்தம் அது. ஒவ்வொரு காலையும் அதற்குப் பிறகுதான் நாய்க்குச் சாப்பாடு.

அன்றே சொல்லிவிட்டேன். "தடியை விட்டிடுங்கோ காக்கா. மண்ணாங்கட்டி வேண்டாம். கிட்டப் போகவும் வேண்டாம், தடவவும் வேண்டாம்! காலையும் பின்னேரமும் கேனை மூண்டு தரம் தட்டுங்கோ, பிறகு சோத்தை வையுங்கோ. ஆள் நீங்களாத்தான் இருக்க வேணும்."

தினமும் வேலை முடிந்து ஒரு சுற்றுப் போய்ப் பார்த்துவிட்டுத்தான் பட்டினத்துக்குத் திரும்புவேன். இரண்டு நாள் ஒன்றுமில்லை. மூன்றாம் நாள் சத்தம் கேட்டு எழும்பியது. ஆறாம் நாள் வால் ஆடியது. அந்த வாலை நான் பார்த்த மாதிரி என் கல்யாணத்தில் மாப்பிள்ளையையும் பார்த்திருக்க மாட்டேன்.

பதினாலாம் நாள் நசார் சொன்னபடி வந்து நின்றார். டொக்டரும் பையோடு வந்தார். விசர் இல்லை என்பது நிச்சயம். மிச்சம், நாய் ஆளுக்கு அடங்குமா என்பதுதான். அடங்காவிட்டால் பையைத் திறக்க வேண்டும். பிள்ளை உள்ள தகப்பன் கேட்பதைப் பிழை என்று சொல்லவும் ஏலாது. எல்லோரையும் வேலிக்கு வெளியே நிற்கச் சொன்னேன்.

மாடுகள் களப்புக் கரையில் சிதறி நின்றன. படலையடியில் நின்று கூப்பிட்டால் என்ன வேலை என்று கறுவலுக்குத் தெரியும், கூப்பிடுகிறவர் தன் ஆள்தான் என்று தெரிந்தால் போதும். ஹனீபா காக்கா சங்கிலியைக் கழற்றிவிட்டு, படலையடிக்கு நடந்து போய்க் கேனை மூன்று தரம் தட்டினார். கறுவல் அசையவில்லை. பழையபடி றோட்டைப் பார்த்தது. நசார் டொக்டரின் பையைப் பார்த்தார். ஹனீபா காக்கா ஒருவரையும் பார்க்கவில்லை. திரும்பவும் தட்டினார், இந்த முறை மெதுவாக.

நாய் தலையைத் திருப்பி அவரைப் பார்த்தது. கொஞ்ச நேரம் பார்த்தது. பிறகு எடுத்தது பாருங்கள் ஓட்டம்! கரையோரமாகப் போய் வளைத்து, கடைசிக் கன்று வரைக்கும் பட்டிக்குள் கொண்டு வந்து விட்டுவிட்டு, அவருக்கு ஆறடி தள்ளி நாக்கைத் தொங்கவிட்டுக்கொண்டு இருந்தது. அதுதான் அதன் வழமையான இடமாம்.

"இதுக்குப் போய் ஊசியா?" என்றார் நசார், ஏதோ நாங்கள்தான் ஊசி கேட்டது மாதிரி. டொக்டர் சிரித்துக்கொண்டு ஜீப்பில் ஏறினார்.

ஹனீபா காக்கா என்னைக் கையால் கூப்பிட்டார். அவருடைய பேச்சைக் கேட்க வேண்டுமென்றால் காதைக் கிட்டக் கொண்டுபோக வேண்டும். கொண்டுபோனேன்.

"நான் ஊசிக்கு ஓமெண்டது கடிச்சதுக்காக இல்ல மிஸ்," என்றார். மூச்சு வாங்கிக்கொண்டு விட்டு விட்டுச் சொன்னார். "நான் முன்னால நிக்கிறன். அது என்னைத் தேடி றோட்டைப் பாக்குது. ஒவ்வொரு நாளும் பாக்குது. நான் மௌத்தாகி மண்ணுக்குள்ள போனாப் பிறகு நடக்கிறதை இருந்து பாக்கிற மாதிரி இருந்திச்சு. அதைத்தான் தாங்க ஏலாமப் போச்சு."

நான் அழுதுவிட்டேன். அரச உத்தியோகத்தர் களத்தில் நின்று அழக்கூடாது என்று எந்தச் சுற்றறிக்கையிலும் இல்லை.

புதிதாக வேலைக்கு வருகிற பிள்ளைகளுக்கு ஒன்று சொல்கிறேன். நாயின் வயதையும் தடுப்பூசியையும் பிறகு எழுதலாம். முதலில் அதைக் கொண்டு வந்த ஆளை இருத்தி, அண்மையில் உங்களுக்கு என்ன நடந்தது என்று கேளுங்கள். நாய்க்கு என்று கேட்கவேண்டாம், அவருக்கு என்று கேளுங்கள். கூட வந்தவர் இடையில் விழுந்து பதில் சொன்னால், பேனையை மூடி மேசையில் வைத்துவிட்டு, நீங்கள் கேள்வி கேட்ட ஆளின் முகத்தையே பார்த்துக்கொண்டிருங்கள். அவருக்குப் பேச எவ்வளவு நேரம் எடுத்தாலும் பரவாயில்லை, மாடுகள் காத்திருக்கும்.