சுனை வற்றிவிட்டது என்றேன்

"ஏங்க, ஃப்ரிட்ஜுல இந்தப் பாட்டில் ரெண்டு வாரமா நிக்குது. செடிக்கு ஊத்திரவா?"

சென்ற வாரம் செவ்வாய்க்கிழமை காலை என் துணைவியார் இவ்வாறு கேட்டபோது, நான் செய்தித்தாளிலிருந்து தலையை உயர்த்தவில்லை. உயர்த்த இயலவில்லை என்பதே சரி.

அரை லிட்டர் பிளாஸ்டிக் பாட்டில். உள்ளே முக்கால் அளவு தெளிந்த நீர். பார்ப்பவர்களுக்கு அது வெறும் தண்ணீர். எனக்கோ... சாட்சி.

"இருக்கட்டும்" என்றேன்.

"மருந்தா?"

"இல்லை."

"அப்ப என்ன, தீர்த்தமா?"

நான் பதில் சொல்லவில்லை. பத்திரிகையில் வாராவாரம் இந்தப் பத்தியைப் படித்துவரும் அன்பர்களுக்கு, நான் பதில் சொல்லாமல் இருப்பது எத்தனை அரிய நிகழ்வு என்பது தெரியும்.

நடந்ததை வரிசையாகவே எழுதுகிறேன். எட்டாம் வகுப்போடு பள்ளியை விட்டு, நூற்பாலையில் ஸ்டோர் கீப்பராக இருந்துகொண்டே நூலகத்தில் உட்கார்ந்து தமிழ் கற்றவன் நான். வரிசை தவறினால் எனக்கு எழுத வராது.

திருநகரில் எங்கள் பூங்காவில் காலையில் நடக்கும் முதியவர்கள் இருபத்திரண்டு பேர் சேர்ந்து ஒரு சங்கம் வைத்திருக்கிறோம். ஆண்டுக்கொரு முறை ஒருநாள் சுற்றுலா. அதற்கென்று எங்களிடம் ஒரு வழக்கம் உண்டு. எந்த இடமாயினும் முதலில் ஒருவர் மட்டும் போய்ப் பார்த்துவிட்டு வருவார். கழிப்பறை உண்டா, படிகள் எத்தனை, சாப்பாடு எப்படி, அவ்வளவு தூரம் போவதற்குத் தகுமா — யாவற்றையும் அடுத்த ஞாயிறு பூங்காவில் ரிப்போர்ட்டாக வாசிப்பார். அவர் 'சரி' என்றால் வேன் கிளம்பும். 'வேண்டாம்' என்றால் எவரும் மறுபேச்சுப் பேசுவதில்லை. பெண் பார்த்துவிட்டு வந்த பெரியவரின் சொல்லுக்குள்ள மரியாதை அதற்கு.

இந்த ஆண்டு இடம் சொன்னவர் எஸ்தர் டீச்சர். மிஷன் பள்ளியில் நான்காம் வகுப்பு ஆசிரியையாக இருந்து ஓய்வு பெற்றவர். சங்கத்தில் எதற்கும் வாய் திறவாதவர். சிறுமலை அடிவாரத்தில் கழுகுப்பாறை என்றொரு பாறையாம். அதன் உச்சியில் கோடையிலும் வற்றாத சுனையாம். அந்த ஊர் மகளிர் குழுவினரே சனிக்கிழமைதோறும் வேன் வைத்து, கைடு வைத்து, காலையில் அழைத்துப்போய் மாலையில் திரும்பக் கொண்டுவந்து விடுகிறார்களாம்.

"பாடத்துல முப்பது வருசம் சுனை சுனைன்னு நடத்திட்டேன். ஒரு தடவ கண்ணால பாத்துரணும்ணே" என்றார். "மாசக் கடைசில மகன்கூடப் பூனாவுக்குப் போறேன். போனா அங்கனயேதான்."

சங்கத் தலைவர் வெள்ளைச்சாமி உடனே என் பக்கம் திரும்பினார்.

"பாத்துட்டு வர நம்ம எழுத்தாளர் அண்ணன விட்டா ஆளு ஏது? நமக்கு ரிப்போர்ட்டும் ஆச்சு, அண்ணனுக்குப் பத்தியில நாலு வாரத்துக்கு மேட்டரும் ஆச்சு!"

எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். உள்ளூரப் பெருமையாகவே இருந்தது.

போனேன். வேனில் முன்பின் தெரியாத ஒன்பது பேர். சமயநல்லூரில் இட்லி. அங்கேயே கைடு செல்வி ஏறிக்கொண்டார். முப்பது வயதிருக்கும், காலில் ரப்பர் செருப்பு, கழுத்தில் ஒரு விசில். அடிவாரத்தில் ஒரு மரத்தின் இலையைக் கிள்ளி என் உள்ளங்கையில் வைத்தார்.

"இது உசிலை மரம்யா. இந்த எலையக் காயவச்சு இடிச்சா அரப்பு. நம்ம தலைக்குத் தேய்க்கிறதுதான்."

அறுபது ஆண்டுகள் அரப்பு தேய்த்துக் குளித்தவன் நான். அதன் மரத்தை அன்றுதான் பார்த்தேன். குறிப்பேட்டில் எழுதிக்கொண்டேன்.

அதற்கு மேல் அந்தக் குறிப்பேட்டில் ஒன்றும் இல்லை.

பாறையில் வெட்டிய படிகள். முதல் இருபதைக் கம்பீரமாகவே ஏறினேன். முப்பதாவது படியில் இடது முழங்கால் முனகத் தொடங்கிற்று. நாற்பதாவதில் இரண்டு கால்களும் எங்கள் நூற்பாலை இயந்திரம் போல அதிர்ந்தன. கீழே பார்த்தேன். பார்த்திருக்கக் கூடாது.

செல்வி இறங்கிவந்து கையை நீட்டினார். "கையப் பிடிச்சுக்கங்கய்யா. மெல்லப் போவோம். அவசரமே இல்ல."

பிடித்திருக்கலாம் அல்லவா? பிடிக்கவில்லை. 'நாள்தோறும் ஐந்து கிலோமீட்டர் நடக்கிறேன், உங்களால் ஏன் முடியாது?' என்று இதே பத்தியில் உங்களை எத்தனை முறை அதட்டியிருக்கிறேன்! அந்த ஐந்து கிலோமீட்டரும் பூங்காவின் சமதளம் என்பதை மட்டும் ஒருமுறைகூட எழுதியதில்லை.

"நீங்கள் போங்கள் அம்மா. எனக்கு இங்கே கொஞ்சம் குறிப்பெடுக்க வேண்டியிருக்கிறது" என்றேன்.

அவர் என் கால்களைப் பார்த்தார். பிறகு முகத்தைப் பார்த்தார். "சரிங்கய்யா. உசிலை மரத்தடில உக்காந்து எழுதுங்க. நல்லாக் காத்து வரும்."

அவர் தலை மறையும்வரை நின்றேன். மறைந்ததும் உட்கார்ந்தபடியே ஒவ்வொரு படியாக நகர்ந்து இறங்கினேன். வேட்டியின் பின்புறம் முழுவதும் செம்மண்.

மரத்தடியில் இரண்டரை மணி நேரம். என்ன பார்த்தேன்? ஏழு ஆடுகள். என் செருப்பு. மேலிருந்து யாரோ 'ஆ...' என்று கூவியது மட்டும் கேட்டது. வியந்து கூவினார்களா, வழுக்கிக் கூவினார்களா — எனக்கெப்படித் தெரியும்?

இறங்கி வந்தவர்களின் முகமெல்லாம் நனைந்திருந்தது. செல்வி நேரே என்னிடம் வந்து ஒரு பாட்டிலை நீட்டினார்.

"சுனைத் தண்ணிய்யா. நீங்க வராட்டியும் அது உங்களத் தேடி வந்துருச்சு பாருங்க."

ஒரு வாய் குடித்தேன். கூழாங்கல்லை நாக்கில் வைத்தாற்போல ஒரு குளிர்ச்சி. மீதியை வீட்டுக்குக் கொண்டுவந்தேன்.

ஞாயிற்றுக்கிழமை. சிமெண்ட் பெஞ்சைச் சுற்றிச் சங்கம் கூடியிருக்கிறது. உளுந்து வடை வந்துவிட்டது. ரிப்போர்ட் முடியாமல் எவரும் தொடமாட்டார்கள். நான் குறிப்பேட்டைத் திறந்து, அதில் இல்லாததையெல்லாம் வாசித்தேன். வழி நன்று. இட்லி சுமார். படிகள் செங்குத்து. பாறை, பிற பாறைகளைப் போன்றதே.

"சுனை எப்படிண்ணே?" என்று யாரோ கேட்டார்கள்.

இந்தக் கேள்வி வரும் என்று நான் நினைக்கவே இல்லை. அத்தனை பேரும் அதற்காகவே என்னை அனுப்பியிருந்தும்!

"வற்றிவிட்டது" என்றேன்.

அந்தச் சொல் எங்கிருந்து வந்தது? இன்றும் அறியேன். வீட்டில் அந்தப் பாட்டில் குளிர்ந்துகொண்டிருந்தது.

"அப்ப என்னத்துக்குண்ணே அம்புட்டுத் தூரம்?" என்றார் வெள்ளைச்சாமி. "பேசாம ஒரு ஏசி ஹாலப் பிடிச்சு மத்தியானச் சாப்பாட்டப் போட்ருவோம். கையத் தூக்குங்கப்பா!"

கைகள் உயர்ந்தன. எஸ்தர் டீச்சரின் கை கடைசியாக உயர்ந்தது.

கலையும்போது அருகில் வந்தார். "அண்ணே, நெசமாவே வத்திருச்சா?"

"ஆமாம் டீச்சர்."

"பாவம்" என்றார். சுனையைச் சொன்னார்.

பெண் பார்க்கப் போனவர், தெருமுனைக் காபிக் கடையிலேயே உட்கார்ந்துவிட்டுத் திரும்பி வந்து, 'பெண் சுமார்தான்' என்று சொன்னால் அவரை என்னவென்பீர்கள்? அந்தச் சொல்லையே எனக்கும் வைத்துக்கொள்ளுங்கள்.

நிற்க. மீண்டும் செவ்வாய்க்கிழமைக்கு வருகிறேன். துணைவியார் பாட்டிலைப் பற்றிக் கேட்ட அன்று நண்பகல் தொலைபேசி ஒலித்தது.

"ஐயா, செல்வி பேசுறேன்யா, கழுகுப்பாறை கைடு. நல்லாருக்கீங்களா? முட்டி எப்படி இருக்கு?"

"நலம் அம்மா."

"உங்க சங்கத்துக்கு எப்ப வண்டி வேணும்னு தலைவருக்குப் போன் போட்டேன்யா. வேணாம்னுட்டாரு. சுனை வத்திருச்சுன்னு யாரோ ஒரு ஆளு சொல்லிட்டானாம்! எவன்னு தெரியல. நீங்கதான் அந்தத் தண்ணியக் குடிச்சீகளே, நீங்க ஒரு வார்த்த சொன்னா நம்புவாகல்ல?"

என்னையே சாட்சிக்கு அழைக்கிறார்.

"விசாரித்துப் பார்க்கிறேன் அம்மா" என்று சொல்லித் தொலைபேசியை வைத்தேன். யாரை விசாரிப்பது? முகம் பார்க்கும் கண்ணாடியையா?

அன்று முழுவதும் கணக்குப் போட்டுக்கொண்டிருந்தேன். மாதக் கடைசிக்கு இன்னும் ஒன்பது நாள். இடையில் ஒரே ஒரு சனிக்கிழமை. அந்த வேனையும் தவறவிட்டால், டீச்சர் சுனை வற்றிவிட்டது என்ற எண்ணத்தோடே பூனா போய்ச் சேருவார்.

புதன்கிழமை காலை, பாட்டிலோடு அவர் வீட்டுக்குப் போனேன். கூடம் முழுக்க அட்டைப் பெட்டிகள். உட்காரச் சொன்னார்; உட்காரவில்லை. நின்றபடியே சொல்லி முடித்தேன். நாற்பதாவது படி, உசிலை மரம், வற்றிவிட்டது என்ற சொல் — அனைத்தையும்.

டீச்சர் பாட்டிலை வாங்கி வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்தார்.

"நானும் பொய் சொல்லிருக்கேண்ணே" என்றார். "போர்டுல மலைய வரஞ்சு, நடுவுல நீலச் சாக்பீஸ்ல ஒரு வட்டம் போடுவேன். 'இதுதான் சுனை'ம்பேன். ஒவ்வொரு வருசமும் ஏதாவது ஒரு பிள்ள கேக்கும், 'டீச்சர், நீங்க பாத்துருக்கீங்களா?'ன்னு. 'ஓ, பாத்துருக்கேனே'ம்பேன். போறதுக்குள்ள ஒரு தடவ பாத்துட்டா அம்புட்டும் நெசமாயிருமேன்னு ஒரு ஆச."

ஆக, இவரும் நம் கட்சிதான் என்று நினைத்தேன். நினைத்து முடிப்பதற்குள் அவர் சொன்னார்:

"ஆனா நான் சொன்ன பொய்யால யாரும் எங்கயும் போகாம நிக்கலண்ணே."

கோபமாகச் சொல்லவில்லை. வகுப்பில் பிழை திருத்துவதைப் போலச் சொன்னார். பாட்டிலை என் கையிலேயே திருப்பிக் கொடுத்தார். "இது வேணாம். சனிக்கிழம வண்டி எத்தன மணிக்கு? அதச் சொல்லுங்க."

சனிக்கிழமை அதே வேன், அதே சமயநல்லூர் இட்லி. செல்வி ஏறியதும் சொல்லிவிட்டேன்: "அந்த யாரோ ஒரு ஆள் நான்தான் அம்மா."

அவர் முன் இருக்கையில் போய் உட்கார்ந்து, வந்தவர்களின் பெயர்களைச் சரிபார்த்தார். பிறகு திரும்பினார்.

"கால் வலிக்குதுன்னு சொல்றது இம்புட்டுக் கஷ்டமாய்யா?"

அந்த வரியைக் குறிப்பேட்டில் எழுதிக்கொண்டேன்.

அடிவாரத்தில் செல்வி கையை நீட்டினார். டீச்சர் உடனே பிடித்துக்கொண்டார். அவ்வளவு எளிது. இருவரும் படியேறுவதை உசிலை மரத்தடியிலிருந்து பார்த்தேன். பத்துப் படிக்கு ஒருமுறை நின்றார்கள், நின்று எதையோ பேசிச் சிரித்தார்கள், மறுபடி ஏறினார்கள். பிறகு பாறை அவர்களை மறைத்துக்கொண்டது.

எனக்கும் ஒரு கை நீட்டப்பட்டதா என்று கேட்பீர்கள். நீட்டப்பட்டது. "டீச்சர் முதலில் பார்த்துவிட்டு வரட்டும்" என்றேன். பழைய குணம், ஒரே வாரத்தில் போய்விடுமா?

மூன்று மணி நேரம் கழித்து இறங்கி வந்தார். புடவையின் கரை நனைந்து காலோடு ஒட்டியிருந்தது. மூக்குக்கண்ணாடியில் நீர்த்துளிகள்; துடைக்கவில்லை. என்னருகில் உட்கார்ந்தார். நான் — வழக்கம்தானே — குறிப்பேட்டைத் திறந்தேன்.

"எப்படி இருந்தது டீச்சர்?"

அவர் குறிப்பேட்டைப் பார்த்தார். பேனாவைப் பார்த்தார்.

"சொல்ல மாட்டேண்ணே" என்றார். "சொன்னா, நீங்களே ஏறிப் பாத்த மாதிரி எழுதிருவீங்க."

சங்கத்தில் எஞ்சிய இருபது பேருக்கும் இதை நான் இன்னும் நேரில் சொல்லவில்லை. அவர்கள் யாவரும் இந்தப் பத்தியைப் படிப்பவர்கள். முகம் பார்த்துச் சொல்லத் துணியாதவன் அச்சில் சொல்கிறான். இதுவும் ஒரு கோழைத்தனமே என்பதை அறிவேன். ஞாயிற்றுக்கிழமை பூங்காவுக்கு வருவேன். வடை எனக்கு வேண்டாம்.

துணைவியாரிடம் சொல்லிவிட்டேன். "அப்ப அந்தத் தண்ணி செடிக்கு வேணாம். செடி என்ன பாவம் பண்ணுச்சு?" என்றார். பாட்டில் அங்கேயே இருக்கிறது.

ஆகவே அன்பர்களே, கழுகுப்பாறைச் சுற்றுலா போகத் தகுந்ததா என்று என்னைக் கேட்காதீர்கள்.

நான் இன்னும் போகவில்லை.