தானே மேளமடித்து வந்த தாய்மாமன்

போன வாரம் என் மகளைப் பெண் பார்க்க ராசிபுரத்திலிருந்து ஒரு குடும்பம் வருவதாக இருந்தது. ஜவுளிக்கடை, சொந்த வீடு, பையன் நல்ல படிப்பு. முதல் நாள் தரகர் வந்து எங்கள் கூடத்தில் உட்கார்ந்து காப்பி குடித்தார். குடித்துக்கொண்டே சுவரில் இருக்கும் என் அம்மாவின் படத்தை நிமிர்ந்து பார்த்தார். “ஏனுங்கம்மா, நாளைக்கு ஒரு நாளைக்கு மட்டும் அந்தப் படத்த உள்ளார எடுத்து வெச்சுட்டாத் தேவலைங்களே. பேசி முடிச்சப்பறம் மறுக்கா மாட்டிக்கலாமுங்க” என்றார். கெட்ட மனிதரல்ல. என் நல்லதுக்குத்தான் சொன்னார்.

“முடியாதுங்க” என்றேன். அவர்கள் வரவில்லை. மகள் “விடும்மா” என்று சிரித்துவிட்டு வேலைக்குக் கிளம்பிப் போனாள். எனக்குத்தான் இன்னும் ஆறவில்லை. என் வீம்புக்கு அவள் வாழ்க்கையைப் பணயம் வைக்கிறேனோ என்று ஒரு நினைப்பு. இல்லை, சரியாகத்தான் சொன்னேன் என்று அடுத்த நினைப்பு. இந்த இரண்டுக்கும் நடுவில் கிடந்து உழலும்போதெல்லாம் என் காதுகுத்து நாள் வந்து முன்னால் நிற்கிறது.

அம்மா மொரிசியஸ் தீவில் பிறந்தவள். குமாரபாளையத்துத் தறிக்காரக் குடும்பத்தில் பிறந்த அப்பா, அங்கே ஒரு துணி ஆலையில் தறி பழுதுபார்க்கும் வேலைக்குப் போனார். திரும்பும்போது அம்மாவோடு வந்தார். தீவில் அவளைப் போன்றவர்களைக் கிரியோல் என்பார்கள். அவளுடைய முன்னோரில் ஒருவர் கரும்பு வெட்டக் கப்பலேறிப் போன தமிழர். அவர் மணந்தவள், ஆப்பிரிக்காவிலிருந்து பிடித்து வந்து விற்கப்பட்டவர்களின் வழியில் வந்தவள். எங்கள் வீட்டார் இதில் முதல் பாதியை மட்டும் எடுத்துக்கொண்டார்கள். “நம்ம பக்கத்திருந்து அந்தக் காலத்துல போனவங்க. அங்கயும் கோயில் குளமெல்லாம் இருக்குதுங்க” என்று அப்பா ஊருக்குச் சொன்னார். ஊரும் கேட்டுக்கொண்டது. அம்மாவின் நிறம் ஊருக்குப் பழகிய நிறம்தான். தலைமுடிக்குத்தான் எல்லாரும் காரணம் கேட்டார்கள். பெரியம்மாவிடம் காரணம் தயாராக இருந்தது. கடல் காற்றில் உப்பு அதிகம், அதனால் முடி அப்படிச் சுருண்டுவிட்டது என்பாள்.

நான் பிறந்தது குமாரபாளையத்தில், காவிரிக்கரையில். உப்புக் காற்று அந்தப் பக்கமே வந்ததில்லை. ஆனாலும் என் முடி அம்மாவின் முடியைப் போலவே சுருண்டு சுருண்டு வளர்ந்தது. மொட்டை அடித்தால் நேராக முளைக்கும் என்று பெரியம்மா சொல்ல, குலதெய்வக் கோயிலில் எனக்கு மூன்று முறை மொட்டை போட்டார்கள். தெய்வம் மூன்று முறையும் அதே முடியைத் திருப்பிக் கொடுத்தது.

மொட்டைகள் நடந்தனவே தவிர, காதுகுத்து நடக்கவில்லை. காது குத்தும்போது பிள்ளை தாய்மாமன் மடியில்தான் உட்கார வேண்டும். தாய்மாமன் கடலுக்கு அப்பால் சர்க்கரை ஆலையில் வேலை பார்த்தார். அவர் வருவார் வருவார் என்று நான் இரண்டாம் வகுப்புக்கே வந்துவிட்டேன். பள்ளியில் என் காதைப் பார்த்துப் பையனா பொண்ணா என்று கேட்டார்கள். மொட்டையும் சேர்ந்திருந்ததால் கேள்வியில் தப்பில்லை.

கடைசியில் மாமன் வந்தார். ஈரோட்டில் ரயிலிலிருந்து இறங்கி, அப்பாவோடு பஸ்ஸில் வந்து எங்கள் வாசலில் குனிந்து நுழைந்தார். அவ்வளவு உயரம். அம்மாவைவிட இரண்டு மடங்கு கறுப்பு. பெரிய மூக்கு, கம்பளி போல அடர்ந்த முடி. என்னைத் தூக்கி உத்தரத்தில் இடிக்கும் அளவுக்கு உயர்த்தி, “மோ நியெஸ், மோ நியெஸ்” என்றார். என் தங்கை மகளே என்று அதற்குப் பொருள். அவர் தோளில் வட்டமாக ஒரு துணிப்பை தொங்கியது. உள்ளே சல்லடை என்று நினைத்தேன்.

அன்று மத்தியானமே பெரியப்பா வந்தார். மாமனைப் பார்த்தார். உட்காராமலே அப்பாவிடம் சொன்னார்: “பவானியில நம்ம சம்பந்தி ஊட்டுப் பையன் ஒருத்தன் இருக்கறான். அவன் மடியில உட்கார வெச்சுக்கலாம். இவரு வேணும்னா பக்கத்துல நிக்கட்டும்.”

அம்மா சமையலறையிலிருந்து வெளியே வந்தாள். குமாரபாளையத்தில் கற்ற தமிழ்தான் அவளுடையது. கோபம் வந்தாலும் ‘ங்க’ போகாது. அப்பாவின் அண்ணனான அவரை மாமா என்றுதான் கூப்பிடுவாள். “தாய் நானுங்க மாமா. மாமன் அவன். இதுல பவானி எங்கிருந்துங்க வந்துச்சு?”

கடைசியில் ஒரு சமாதானம் ஆனது. மாமன் பட்டு வேட்டி கட்ட வேண்டும். முடி தெரியாமல் தலைப்பாகை கட்ட வேண்டும். முக்கியமாக, வாயைத் திறக்கக் கூடாது. பேசினால்தானே வேற்றாள் என்று தெரியும்? அப்பா எல்லாவற்றுக்கும் தலையாட்டினார்.

குலதெய்வக் கோயில் மேச்சேரிப் பக்கம் ஒரு பொட்டல் காட்டில் இருந்தது. சுற்றிலும் ஆடு மேயும் நிலம், நடுவில் வேப்பமரமும் சின்னக் கோயிலும். உறவெல்லாம் இரண்டு வேனில் வந்து இறங்கியது. தாய்மாமன் சீர் கூப்பிடு தூரத்துப் புளியமரத்தடியிலிருந்து மேளத்தோடு புறப்பட்டு வர வேண்டும். சீர்த்தட்டைத் தாய்வீட்டுப் பெண்கள்தான் சுமப்பார்கள். மாமன் தனி ஆள். அதனால் எங்கள் தறிக்கூடத்தில் குச்சியில் நூலேற்றித் தார் சுற்றும் பெண்களை அம்மா அழைத்து வந்திருந்தாள். அவர்கள் இருந்ததிலேயே நல்ல புடவையைக் கட்டிக்கொண்டு, அன்று ஒரு நாள் கடல் கடந்த நாட்டுக்காரிகளாக நின்றார்கள். “நாங்க கப்பல்ல வந்தோம்டி, இன்னும் தல சுத்துது” என்று ஒருத்தி என்னிடம் சொல்ல, மற்றவர்கள் சிரித்தார்கள்.

காது குத்தும் பிள்ளை கோயிலில்தான் இருக்க வேண்டும். பெரியம்மா கத்தியது காதில் விழாததுபோல் நான் மாமன் விரலைப் பிடித்துக்கொண்டு புளியமரத்தடியில் நின்றேன்.

தப்பட்டைக்காரர்கள் நான்கு பேர் வைக்கோலைக் கொளுத்தித் தோலைக் காய்ச்சிக்கொண்டிருந்தார்கள். மாமன் அதையே பார்த்தார். முகம் மலர்ந்தது. துணிப்பையை அவிழ்த்தார். உள்ளே இருந்தது சல்லடை அல்ல, மேளம். மரச்சட்டத்தில் ஆட்டுத்தோல் போர்த்திய அகலமான மேளம். அதன் பெயர் ரவான் என்று பிற்பாடு அம்மா சொன்னாள். விசேஷத்துக்குத் தாய்மாமன் மேளத்தோடு வர வேண்டும் என்று அவள் அண்ணனுக்குச் சொல்லியனுப்பியிருந்தாள். மேளத்தை வேறு ஆட்கள் அடிப்பார்கள் என்று சொல்ல அவளுக்குத் தோன்றவில்லை. அவர்கள் தீவில் யார் வீட்டு விசேஷமோ அவர்களே அடிப்பார்கள். மாமனும் சொன்னபடி மேளத்தோடு கடல் கடந்து வந்துவிட்டார்.

பட்டு வேட்டியை மடித்துக்கொண்டு அவர்கள் பக்கத்தில் குந்தினார். தன் மேளத்தைத் தீயில் காட்டினார். தலைப்பாகை அவிழ்ந்து தோளில் விழுந்தது. அவர் கவனிக்கவில்லை.

தப்பட்டைக்காரர்கள் பதறி எழுந்தார்கள். மூத்தவர் மட்டும் மெதுவாகத் திரும்ப உட்கார்ந்து, அந்தத் தோலை விரலால் சுண்டிப் பார்த்தார். “ஏனுங் சாமி, உங்கூர்லயும் காச்சித்தான் அடிப்பீங்களா?” என்றார். மாமனுக்குப் புரியவில்லை. பதிலுக்கு அவரும் அந்தப் பெரியவரின் தப்பட்டையைச் சுண்டிப் பார்த்தார். இருவரும் சிரித்தார்கள்.

அப்படியே சீர் புறப்பட்டது. முன்னால் தப்பட்டை நான்கு. நடுவில் பட்டு வேட்டியில், வெறுந்தலையோடு, வெறுங்கையால் தன் மேளத்தை அடித்துக்கொண்டு தாய்மாமன். வாயைத் திறக்கக் கூடாது என்றுதான் சொல்லியிருந்தார்கள். மாமன் வாயைத் திறக்கவே இல்லை.

கோயில் வாசலில் ஆரத்தித் தட்டோடு நின்ற பெரியம்மாவின் கை அந்தரத்தில் நின்றது. பெரியப்பா முன்னால் வந்தார்.

“நிறுத்துங்கடா!”

மேளம் நின்றது. மாமன் கை மட்டும் இன்னும் இரண்டு தட்டுத் தட்டிவிட்டு நின்றது.

“இவன் என்ன ஆளுன்னு இப்பத் தெரிஞ்சு போச்சு. தப்பட்ட அடிக்கறவன் மடியில நம்மூட்டுப் பிள்ளைய உட்கார வெக்கறதா? ஊர் மூஞ்சியில எப்படி முழிக்கறது?” என்று அப்பாவைப் பார்த்துக் கேட்டார். “பவானிக்காரன் வந்திருக்கறான். கூப்புடு அவன.”

அப்பா தரையைப் பார்த்தார். அம்மா பெண்கள் கூட்டத்திலிருந்து வெளியே வந்து அண்ணன் பக்கத்தில் நின்றாள். அவர் தோளுக்குத்தான் இருந்தாள்.

“மாமா, இத்தன வருசமா என்னப் பத்தி ஊருக்குப் பாதிதானுங்க சொன்னீங்க. நானும் சும்மா இருந்துட்டேன். மீதிய இப்ப எங்கண்ணன் கொண்டாந்துட்டான், எல்லாரும் நல்லாப் பாத்துக்குங்க. கரும்பு வெட்டப் போனவரு உங்காளா இருக்கலாமுங்க. அவரு கட்டுனவ எங்காளு. சந்தையில ஆட்ட விக்கற மாதிரி அவ சனத்த வித்தாங்க. அந்த ரெண்டு பேரும் சேந்துதான் நானு, இதா இந்தப் பிள்ள. உங்களுக்குப் பாதி போதும்னா, எந்தப் பாதியில தோடு போடறதுன்னு சொல்லுங்க.”

“அப்படின்னா இந்தக் கோயில்ல குத்த முடியாது” என்றார் பெரியப்பா.

“மரத்தடியில குத்திக்கறமுங்க.”

“எங்க சனம் ஒண்ணும் நிக்காது.”

“எங்க சனம் நிக்குதுங்க” என்று அம்மா சொன்னாள். பக்கத்தில் மாமன் ஒருவர்தான் இருந்தார். பின்னால் தார் சுற்றும் பெண்கள் தட்டை இறக்காமல் நின்றார்கள்.

காது குத்த வந்த ஆசாரி கையில் கம்பியோடு, யார் பேச்சைக் கேட்பது என்று தெரியாமல் அப்பாவைப் பார்த்தார். எல்லாருமே அப்பாவைப் பார்த்தார்கள். தறியில் இழை அறுந்தால்கூட மோட்டாரை நிறுத்திவிட்டு நிதானமாக யோசிப்பவர் அவர். அன்றும் யோசித்தார். பிறகு தோளிலிருந்த துண்டை எடுத்து நான்காக மடித்து, வேப்பமரத்தடியில் விரித்தார்.

“உட்காருங்க மச்சான்” என்றார்.

மாமன் உட்கார்ந்தார். நான் மடியில் ஏறிக்கொண்டேன். கிழக்கு எந்தப் பக்கம் என்று ஆசாரி கேட்டார், அப்பா காட்டினார். முதல் காதில் கம்பி இறங்கியபோது நான் போட்ட சத்தத்தில் மரத்துக் காக்கைகள் பறந்தன. மாமனின் பெரிய கை என் கண்ணை மூடிக்கொண்டது. அந்தக் கையில் வைக்கோல் புகை மணத்தது. இரண்டாவது காதும் முடிந்து கண்ணைத் திறந்தபோது, இரண்டு வேனும் புழுதியைக் கிளப்பிக்கொண்டு போய்க்கொண்டிருந்தன.

சாப்பாடு அப்படியே இருந்தது. அண்டா அண்டாவாகச் சோறு, குழம்பு, பாயசம். மாமன் தப்பட்டைக்காரர்களைக் கையைப் பிடித்து இழுத்து வந்து இலைக்கு முன்னால் உட்கார வைத்தார். “வேண்டாமுங் சாமி, நாங்க பொறவு ஓரமா வாங்கிக்கறோம்” என்று மூத்தவர் நெளிந்தார். “ஓரமெல்லாம் காலியா இல்லீங்கய்யா, நடுவுலதான் எடமிருக்குது” என்று சொல்லி அம்மா அவர் இலையில் சோற்றை வைத்தாள். தார் சுற்றும் பெண்கள், ஆசாரி, வேன் கிடைக்காமல் நின்றுவிட்ட பவானிக்காரர், எல்லாரும் ஒரே பந்தி. எனக்கு இரண்டு பக்கமும் பரிமாறிய இலையில் ஆள் இல்லை. இரண்டிலிருந்தும் பாயசம் எடுத்துக் குடித்தேன்.

இனி பெரியப்பா வீட்டு நல்லது கெட்டதுக்கு எங்களுக்கு அழைப்பு இருக்காது, சேர்ந்து ஓடிய தறிகள் பிரியும், அப்பா வேறு தெருவுக்குக் குடிபோவார் என்பதெல்லாம் அப்போது பந்தியில் இருந்த பெரியவர்களுக்குத் தெரிந்திருக்கும். ஆனாலும் ஒருவரும் அவசரப்பட்டு எழுந்திருக்கவில்லை.

கை கழுவிய பிறகு மாமன் மேளத்தை எடுத்தார். நான்கு தப்பட்டையும் சேர்ந்துகொண்டன. முதலில் இரண்டு அடியும் ஒட்டவில்லை. அவர் இவர்களைப் பார்த்தார், இவர்கள் அவரைப் பார்த்தார்கள். பிறகு எங்கேயோ ஒட்டிக்கொண்டது. அம்மா கொண்டையை அவிழ்த்தாள். அத்தனை நாளும் எண்ணெய் வைத்து இறுக்கி முடிந்திருந்த முடி விரிந்து முகத்தைச் சுற்றி நின்றது. புடவையைச் செருகிக்கொண்டு ஆடத் தொடங்கினாள்.

அவள் ஆடி நான் பார்த்தது அதுதான் முதல் தடவை. எனக்கு வெட்கமாகப் போய்விட்டது. எங்கள் ஊர்த் திருவிழாவில் ஆடுகிறவர்கள் எப்படிக் குதிப்பார்கள்! அம்மாவின் இடுப்பு அசைந்தது, தோள் அசைந்தது, கைகள் அலைபோல வந்து போயின. ஆனால் பாதங்கள் மட்டும் மேலே எழவில்லை. அந்தப் பொட்டல் மண்ணைத் தேய்த்துத் தேய்த்து, கோயில் வாசல் வரை போனாள், திரும்பி வந்தாள். அவள் போன வழியெல்லாம் மண்ணில் கோடு விழுந்தது. அவர்கள் தீவின் அந்த ஆட்டத்தில் மண்ணை விட்டுக் காலை எடுப்பதே இல்லை என்று எனக்கு யாரும் சொல்லியிருக்கவில்லை. பாவம், அம்மாவுக்கு ஆடத் தெரியவில்லை என்று நினைத்தேன். அவள் மானத்தைக் காப்பாற்ற வேண்டுமே என்று, எரிகிற காதுகளோடு எழுந்து நின்று என்னால் முடிந்த மட்டும் கத்தினேன்:

“காலத் தூக்கும்மா! காலத் தூக்கு!”