குதிப்பின் உச்சியில் தமாயே

"சாவுடா தொகாஷி. இன்னும் கொஞ்சம் அழகா சாவு."

வெளிச்சம் புகாதபடி அறை மூலையை மறைத்துத் தொங்கும் கறுப்புத் துணிக்குப் பின்னாலிருந்து இந்தக் குரல் வரும்போது அலுவலகத்தில் யாரும் தலை நிமிர்வதில்லை. டோக்கியோவில், ஈதபாஷி ரயில் நிலையத்துக்குப் பின்தெருவில், மூன்றாம் மாடியில் இயங்கும் அந்த வாரப் பத்திரிகைக்கு அது பகல் முழுதும் கேட்டுப் பழகிய குரல். புதிதாக வந்தவர்கள் மட்டும் தேநீர்க் கோப்பையைக் கீழே வைத்துவிட்டு வாசற்பக்கம் பார்ப்பார்கள்.

குரலுக்கு உரியவர் நிஷிவாகி தமாயே. நாற்பத்தொரு வயது, ஒல்லி, காதோரம் நரை. கடைக்கு இன்னும் வராத வீடியோ கேம்களைத் தொலைக்காட்சியில் ஓடவிட்டு, அந்தத் திரையைக் கேமராவால் படமெடுப்பது அவர் தொழில். பத்திரிகையில் வரும் ஆட்டப் படம் ஒவ்வொன்றும் அவர் விரல் வழியே வந்ததுதான். அவருக்கு ஆடத் தெரியாது. ஆடுவது தொகாஷி. முன்பு பச்சிங்கோ சூதாட்டக் கூடத்தில் வேலை பார்த்தவர், நாற்காலி முனகும் உடம்பு, ஆனால் கட்டைவிரல்கள் இரண்டும் வெட்டுக்கிளி.

இருவருக்கும் இடையே ஒரே சண்டைதான், ஆண்டுக்கணக்காக நடக்கிறது. தொகாஷிக்கு ஜெயிக்க வேண்டும். தமாயேவுக்கு ஜெயிப்பதற்கு முந்தைய நொடி வேண்டும்.

"அக்கா, இந்த ராட்சசனை அடிச்சு முடிச்சுடறேன், அப்புறம் எடுத்துக்கங்க."

"அடிச்சு முடிச்ச படத்தை எவன் பார்ப்பான்? அடி விழப்போகுதுன்னு தெரியணும். பார்க்கறவன் 'ஐயோ'ன்னு கத்தணும். போய் அவன் பக்கத்துல நில்லு."

தொகாஷி போய் நிற்பார். அடி விழும். செத்துப்போவார். திட்டிக்கொண்டே மறுபடி தொடங்குவார்.

திரையைப் படமெடுப்பது கேட்பதற்குச் சுலபம். ஷட்டரைச் சட்டென்று திறந்து மூடினால் படத்தின் குறுக்கே கறுப்புப் பட்டை விழும். நிதானமாகத் திறந்தால் ஓடுகிறவன் கரைந்துபோவான். ஆட்டத்தை நிறுத்தி வைத்து எடுக்கலாமே என்றால், நிறுத்தியதுமே பல ஆட்டங்களில் நடுத்திரையில் கொட்டை எழுத்து வந்து உட்கார்ந்துவிடும். தமாயே கண்டுகொண்ட வழி ஒன்றுண்டு. குதிக்கிறவன் ஏறும்போதும் இறங்கும்போதும்தான் நகர்கிறான். உச்சியில் அரை மூச்சு அளவுக்கு அசையாமல் நிற்கிறான். அந்த அரை மூச்சில் ஷட்டரைத் திறந்து மூடிவிடுவார்.

இந்தப் பழக்கம் தெருவிலும் அவரை விடவில்லை. பூங்காவில் கயிறு தாண்டும் சிறுமியைப் பார்த்தால் வாய்க்குள் "இப்போ" என்பார். ஒருமுறை ரயில் நடைமேடையில் தும்மப் போன ஒரு பெரியவரைப் பார்த்து "இப்போ" என்று உரக்கவே சொல்லிவிட்டார். பெரியவருக்குத் தும்மல் நின்றுபோயிற்று.

உடுப்பு எப்போதும் கறுப்புக் கம்பளிச் சட்டை, கோடையிலும். வெளிர் நிறம் எதை உடுத்தாலும் திரைக் கண்ணாடியில் தெரியும். முக்காலியின் கால்களுக்குக் கறுப்பு நாடா. கேமராவின் பெயர் எழுத்துகள் மேலும் கறுப்பு நாடா. கண்ணாடியில் படியும் தூசியை எழுத்துத் தூரிகையால் ஒற்றி எடுப்பார். விரலில் எண்ணெய் படக்கூடாதென்று சோற்றுருண்டையைக்கூடக் குச்சியால்தான் சாப்பிடுவார். "அக்கா நாளைக்கு முகத்தையே குச்சியாலதான் கழுவுவாங்க" என்பது தொகாஷியின் கேலி.

இந்தத் தொண்ணூற்று மூன்றாம் ஆண்டு ஜூலையில், நகோயாவிலிருந்து ஓநுகி என்பவர் வந்தார். இனிப்புப் பெட்டி ஒன்றைத் துணியில் கட்டி மடியில் வைத்திருந்தார். பெட்டிக்குள் இருந்தது இனிப்பல்ல, அவரும் மூன்று நண்பர்களும் சேர்ந்து செய்த முதல் ஆட்டம். இருந்ததே அந்த ஒரு பிரதிதான். மறுநாள் காலையில் அது நகோயாவில் இருந்தாக வேண்டும். அதனால் மாலை ரயிலுக்கே திரும்ப வேண்டும்.

பத்திரிகை ஆசிரியர் ஒளித்துப் பேசுகிறவர் அல்லர். "படம் நல்லா வந்தா முதல் வண்ணப் பக்கம். வரலைன்னா கடைசிப் பக்கத்துல தபால்தலை அளவு. உங்க பேர் யாருக்கும் தெரியாது சார், படம்தான் பேசணும்" என்றார். தபால்தலை அளவுப் படத்தை நம்பி எந்தக் கடைக்காரரும் சரக்கு எடுக்கமாட்டார் என்பது ஓநுகிக்கும் தெரியும். குனிந்து வணங்கி, துணிக்கு வெளியே ஸ்டூலில் உட்கார்ந்துகொண்டார்.

ஆட்டத்தின் நாயகன் நூடுல்ஸ் கடை ஆள். சூப்புக் கிண்ணங்களைக் கோபுரமாக அடுக்கித் தோளில் ஏந்திக்கொண்டு ஊரெல்லாம் ஓடுவான். கடைசியில் ஒரு மரப்பாலம். கால் வைக்க வைக்கப் பலகைகள் உதிரும். கீழே ஆற்றிலிருந்து ராட்சதக் கெளுத்தி ஒன்று வாயைப் பிளந்துகொண்டு எழும்பும். தமாயே ஒருமுறை பார்த்தார். "இதுதான். வேற எதுவும் வேணாம்" என்றார்.

பாலம்வரை போய்ச்சேரவே ஒரு மணி நேரத்துக்குக் கிட்ட ஆகும். தொகாஷி போய்ச் சேர்ந்தார். பாலத்தின் இசை தொடங்கியது. கெளுத்தி எழும்பியது. தமாயே மூச்சைப் பிடித்தார், அழுத்தினார். அந்த நேரம் பார்த்துப் பின்னாலிருந்து பளீரென்று பகல் வெளிச்சம் உள்ளே பாய்ந்தது. துணியைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு நின்றார் ஓநுகி.

"போச்சு!" என்று அலறினார் தொகாஷி. அந்தக் கலவரத்தில் நூடுல்ஸ்காரன் ஆற்றில் விழுந்தான்.

ஓநுகிக்கு முகம் வெளுத்துவிட்டது. "மன்னிச்சிடுங்க. மன்னிச்சிடுங்க. அந்தப் பாட்டு கேட்டுது. வேற ஒருத்தர் ஆடி அந்தப் பாட்டை நான் கேட்டதே இல்ல. என்னையறியாம..."

"நான் அழுத்தினதுக்கு முன்னாடி தூக்கினீங்களா, பின்னாடியா?"

"தெரியலையே, அம்மா."

"எனக்கும் தெரியல. ஃபிலிம் கழுவி வர்றதுக்குள்ள நீங்க நகோயா போயிருப்பீங்க. அதனால அந்தப் படம் இல்லைன்னே வெச்சுக்குவோம்." தமாயே குரலில் கோபம் இல்லை. ஓநுகியின் வெள்ளைச் சட்டையைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார். ஆணியில் தொங்கிய தன் மாற்றுக் கம்பளிச் சட்டையை எடுத்து நீட்டினார். "இதைப் போட்டுக்கிட்டு உள்ள வந்து உட்காருங்க. வெளிய இருந்தா மறுபடி எட்டிப் பார்ப்பீங்க."

தொகாஷியின் இடது கட்டைவிரலில் கொப்புளம் உடைந்திருந்தது. நாடா சுற்றிக்கொண்டு முதலிலிருந்து தொடங்கினார். மின்விசிறி வைக்க முடியாத அந்தக் கறுப்புக் கூண்டில், ஜூலைப் புழுக்கத்தில், மூன்று பேரும் வியர்த்து வழிந்தார்கள். கைக்குப் பத்தாத கம்பளிச் சட்டையில் ஓநுகி கைகட்டி உட்கார்ந்து, தாம் செய்த ஊரை இன்னொருவர் ஓடிக் கடப்பதை விழுங்குவதுபோலப் பார்த்துக்கொண்டிருந்தார். ரயிலுக்குக் கிளம்ப வேண்டிய நேரம் நெருங்கியபோது நூடுல்ஸ்காரன் பாலத்தில் கால் வைத்தான். அவனிடம் மிச்சம் இருந்தது கடைசி உயிர்.

"கடைசிப் பலகைவரைக்கும் போ. அங்க நின்னு குதி."

"அக்கா, நின்னா தாண்ட முடியாது. இதுக்கு மேல உயிர் இல்ல."

"தாண்டச் சொல்லல. குதிக்கச் சொன்னேன்."

"முன்னாடியே குதிச்சா அந்தப் பக்கம் போயிடலாம். இவர் ஆட்டத்தோட முடிவையே பார்த்துடலாம். இத்தனை தூரம் வந்துட்டு..."

"முடிவை அவர் பார்த்திருக்கார்டா. நில்லு."

தொகாஷி பல்லைக் கடித்துக்கொண்டு நின்றார். பலகைகள் உதிர்ந்தன. கடைசிப் பலகை சரியும்போது குதித்தார். கெளுத்தியின் வாய் பாலத்தையே மூடிக்கொண்டு எழுந்தது. உச்சியில், கிண்ணங்கள் ஒன்றைவிட்டு ஒன்று பிரிந்து, ஒவ்வொன்றிலிருந்தும் நூடுல்ஸ் இழை எழும்ப, அவன் அரை மூச்சு நின்றான்.

"இப்போ" என்றார் தமாயே, தனக்குத்தானே. ஷட்டர் திறந்து மூடியது.

அடுத்த கணம் அவன் மீனின் வாய்க்குள் இருந்தான். கன்ட்ரோலரைத் தரையில் வைத்துவிட்டு விரலை ஊதிக்கொண்டார் தொகாஷி. இருட்டில் ஓநுகியின் குரல் கேட்டது: "நல்லா செத்தான், சார். ரொம்ப நல்லா செத்தான்." ஆட்டத்தை இனிப்புப் பெட்டிக்குள் வைத்துத் துணியில் கட்டிக்கொண்டு படியிறங்கி ஓடினார். கம்பளிச் சட்டையைக் கழற்ற மறந்திருந்தார்.

ஃபிலிம் வருவதற்குள் தமாயே, துடைத்த கண்ணாடியையே திரும்பத் திரும்பத் துடைத்தார். மறுநாள் வெளிச்ச மேஜையில் வைத்துப் பூதக்கண்ணாடியில் பார்த்தபோது, முதல் படத்தில் கெளுத்தியின் கண்மேல், துணி விலகிய வெளிச்சம் வெள்ளைச் சதுரமாக விழுந்திருந்தது. இரண்டாவதில் எல்லாம் இருந்தது: பிளந்த வாய், விலகிய கிண்ணங்கள், அந்தரத்தில் தொங்கும் ஒரு சொட்டு சூப்பு. ஆசிரியர் நெடுநேரம் குனிந்து பார்த்தார். நிமிர்ந்து, முதல் பக்கத்துக்கென்று வைத்திருந்த பெரிய கம்பெனியின் படத்தை எடுத்து உள்ளே தள்ளினார்.

இதழ் வந்த வாரம் நகோயாவிலிருந்து தொலைபேசி வந்தது. கடைக்காரர்கள் "அந்த மீன் ஆட்டம் இருக்கா?" என்று கேட்டுக் கூப்பிட்டபடியே இருக்கிறார்களாம். ஓநுகியின் குரல் பாதி அழுகை. நன்றி என்ற சொல்லை அவர் மூன்றாவது முறை தொடங்கியபோது தமாயே இடைமறித்தார்.

"இருங்க சார். செத்தது நான் இல்ல."

நீண்ட வயரை இழுத்துக்கொண்டு கறுப்புத் துணிக்குள் நுழைந்தார். தொகாஷி வேறோர் ஆட்டத்தின் நடுவில் இருந்தார். இரண்டு கைகளும் ஓய்வில்லாமல் இருந்தன. தமாயே குனிந்து ரிசீவரை அவர் காதோடு சேர்த்துப் பிடித்தார். பேச்சு நீண்டுகொண்டே போயிற்று. ஒரு கை வலித்தபோது மறு கைக்கு மாற்றிக்கொண்டு, அப்படியே பிடித்துக்கொண்டு நின்றார்.