கூரையில்லாத கோட்டை

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து இருபதுகளில் நான் கடல் தாண்டிப் போய், போட்டாதாங் படகுத்துறையில் படகுகளுக்கும் கடைகளுக்கும் பெயர்ப்பலகை எழுதிப் பிழைத்தேன். துறையின் மேற்பார்வையாளரான அயர்லாந்துத் துரை ஒருநாள் ஒரு போட்டோவைக் கொடுத்து, அதைத் தகரப் பலகையில் பெரிய படமாக எழுதித் தரச் சொன்னார். அவருடைய ஊரில், ஆற்றங்கரையில் ஒரு கோட்டை. கூரை இல்லை. சுவரும் பாதிதான். ஜன்னலில் செடி முளைத்திருந்தது.

மனைவிக்கு அப்போது எட்டாம் மாதம். முன்னால் பிறந்த இரண்டும் தங்கவில்லை. விரிசல் விட்ட சட்டியைக்கூட வீட்டில் வைக்கப் பயந்துகொண்டிருந்தவன், இடிந்த வீட்டை என் கையால் எழுதுவதா? கோட்டைக்கு ஓடு வேய்ந்தேன். ஜன்னல்களில் விளக்கு வைத்தேன். சும்மா சொல்லக் கூடாது, வேலை அருமையாக வந்திருந்தது.

துரை பார்த்துவிட்டு முகம் வாடிப்போனார். எனக்குச் சுள்ளென்று வந்தது.

"வீட்டுக்காரி முழுகாம இருக்கா, துரை. இடிஞ்சதை எழுத மாட்டேன்" என்றேன்.

அவர் கோபிக்கவில்லை. மூட்டை தூக்குபவர்களிடம் பழகிய தமிழில் அந்தக் கோட்டையின் கதையைச் சொன்னார். எப்போதோ ஒரு பிரபு கட்டியதாம். ஆற்றில் வந்த படை பீரங்கியால் கூரையைத் தகர்த்தது. வாரிசுகள் மேட்டில் மாளிகை கட்டிக்கொண்டு போனார்கள். ஊரார் கல்லைப் பெயர்த்துத் தொழுவம் கட்டினார்கள். பிறகு ஒரு பஞ்சத்தில், அந்த வாரிசுகளின் ஆட்கள் குத்தகைக்காரர்களின் குடிசைகளை இடித்து, குடும்பங்களை மழையில் விரட்டினார்கள். நிறைமாதக்காரி ஒருத்தி கோட்டையின் மூலைச் சுவரோடு ஒண்டிக்கொண்டாள். அங்கேயே பிள்ளை பெற்றாள்.

பலகையைத் தூக்கிக்கொண்டு வீட்டுக்கு வந்து மனைவியிடம் எல்லாவற்றையும் சொன்னேன். அரிசி புடைத்துக்கொண்டிருந்தவள் முறத்தைக் கீழே வைத்தாள்.

"அந்தப் பிள்ளை பிழைச்சுதா?"

"பிழைச்சுது. அந்தத் துரைதான் அது."

அவள் பலகையைத் தன் பக்கம் இழுத்து, கோட்டையின் மூலையை விரலால் தொட்டாள். எனக்கு அவள் முகத்தைப் பார்க்கவே பயமாக இருந்தது.

"கூரையை எடுத்துடுங்க" என்றாள். "அந்த மூலைச் சுவரை மட்டும் நல்லாக் கெட்டியா எழுதுங்க."

எழுதினேன். மறுமாதம் பெண் பிறந்தாள். இவள் தங்கினாள்.