சம்பந்திக்கு மேல்சோறு

என் அம்மாவுக்குச் சமைக்கப் பிடிக்காது. இதைச் சொன்னால் எங்கள் சொந்தக்காரர்கள் யாரும் நம்ப மாட்டார்கள். அவள் கைப்பக்குவத்தைப் பற்றி அவர்களுக்கு அப்படி ஒரு நினைப்பு. "அடுப்பாண்ட நிக்கறதுக்கு வெயில்ல நின்னு களை எடுக்கலாம்" என்பதுதான் அவளுடைய நிரந்தரப் பேச்சு. தினப்படிச் சோறு, குழம்பு எல்லாம் ஏனோதானோ என்றுதான் இருக்கும். ஆனால் வகையாக மாட்டிக்கொண்டு, இனி தப்பிக்க வழியே இல்லை என்று ஆகிவிட்டால் அவளுக்கு எங்கிருந்தோ ஒரு வேகம் வரும். அப்படி அவள் சமைத்ததை நான் ஒரு சாயங்காலம் முழுக்கப் பக்கத்தில் நின்று பார்த்தேன். அன்றைக்கு மாட்டிக்கொண்டது அவள் மட்டுமில்லை, நானும்தான்.

இடஒதுக்கீட்டுப் போராட்டம் சூடாக நடந்துகொண்டிருந்த வருஷங்கள் அவை. எங்கள் ஊர் ரிஷிவந்தியத்துக்குப் பக்கம். கள்ளக்குறிச்சியில் ஆசிரியர் பயிற்சிப் பள்ளியில் முதல் வருஷம் முடித்திருந்தபோது என்னை மணலூர்பேட்டைப் பக்கம் கட்டிக்கொடுத்தார்கள். மிச்சம் ஒரு வருஷம் படிக்கட்டுமா என்று கல்யாணப் பேச்சிலேயே அப்பா கேட்டிருந்தார். "பாத்துக்கலாம் சம்பந்தி" என்றார் என் மாமனார். அந்தப் "பாத்துக்கலாம்" கல்யாணம் முடிந்தும் பாத்துக்கலாமாகவே இருந்தது.

இதற்கிடையில் ஊரெல்லாம் மறியல், கலவரம் என்று பயிற்சிப் பள்ளியை மூடிவிட்டார்கள். நான் அம்மா வீட்டுக்கு வந்திருந்தேன். திங்கட்கிழமை திறக்கிறார்கள் என்று சேதி வந்தது. அதற்கு முன்னால் வெள்ளிக்கிழமை மாமனார் வீட்டிலிருந்து என்னை அழைத்துப்போக வருவதாக ஏற்பாடு. அன்றைக்கு அவர்களுக்குக் கறிவிருந்து வைத்து, சாப்பாடு ஆனதும் வெற்றிலைத் தட்டை நீட்டி அப்பா மறுபடி கேட்பது, சம்மதம் வாங்கிவிடுவது என்று எங்களுக்குள் முடிவு. சம்மதம் கிடைக்காவிட்டால் மறுநாள் காலையில் நான் பெட்டியோடு மணலூர்பேட்டைக்குப் போகவேண்டியதுதான். படிப்பு அதோடு சரி.

என் மாமனாரைப் பற்றி ஒன்று சொல்லவேண்டும். அவர் கெட்டவர் இல்லை. போராட்டத்தில் முன்னால் நின்றவர். படிப்பில் இடம் வேண்டும், வேலையில் இடம் வேண்டும் என்று ரோட்டில் படுத்தவர், போலீஸ் அடியும் வாங்கியவர். எனக்கு அதில் பெருமை உண்டு. ஊருக்கெல்லாம் படிப்பில் இடம் கேட்கிறவருக்கு, தன் வீட்டு மருமகளின் இடம் காலியாகக் கிடப்பது மட்டும் எப்படிக் கண்ணில் படாமல் போனது என்பதுதான் எனக்கு அப்போதும் விளங்கவில்லை, இப்போதும் விளங்கவில்லை.

வியாழக்கிழமை ராத்திரியே ரோட்டில் மரங்களை வெட்டிப் போட்டுவிட்டார்கள். பஸ் கிடையாது, லாரி கிடையாது, கடை கிடையாது. இனி எங்கே வரப்போகிறார்கள் என்று அப்பா கறிக்குச் சொல்லி வைத்ததையும் வேண்டாம் என்று சொல்லிவிட்டு நிம்மதியாகத் தூங்கப் போனார். அவர்கள் வெள்ளிக்கிழமை வெயில் தாழ மாட்டுவண்டி கட்டிக்கொண்டு ஏரிக்கரை வழியாக வந்து இறங்கினார்கள். மாமனார், நான் அத்தை என்று கூப்பிடுகிற மாமியார், என் வீட்டுக்காரர், அவருடைய சித்தப்பாக்கள் இரண்டு பேர். அப்பாவுக்கு முகமே மாறிப்போய்விட்டது. பெண் கொடுத்த இடத்திலிருந்து வந்த சம்பந்திக்குக் கறி இல்லாமல் இலை போட்டால் அதைத் தலைமுறைக்கும் சொல்லிக் காட்டுவார்கள். அப்புறம் படிப்பைப் பற்றி எந்த வாயோடு கேட்பது?

"இன்னா பண்றது இப்ப?" என்று தோட்டத்துப் பக்கம் வந்து அம்மாவிடம் குசுகுசுத்தார்.

"நீங்க போய் வந்தவங்களாண்ட பேசிக்கினு இருங்க. மோர் குடுங்க" என்றாள் அம்மா.

வீட்டில் இருந்தது என்ன? அரிசி, ஒரு வேளைக்கு வீட்டாருக்குக் காணும். நெல் இருந்தது, மில் ஓடவில்லை. கல்வராயன் மலையிலிருந்து மலைக்காரர்கள் சந்தைக்கு இறக்கிக் கொண்டுவரும் சாமை ஒரு பானையில் பாதிக்கு இருந்தது. முட்டை கொஞ்சம். முட்டையிடுகிற கோழி ஒன்று. ஒரே ஒரு கோழி, எட்டுப் பேருக்கு. களத்தில் மரவள்ளிக்கிழங்கு மலைபோலக் குவிந்து கிடந்தது. மாவு மில்லுக்கு ஏற்ற வேண்டிய லாரி வராமல் தோண்டிய கிழங்கு அப்படியே கிடந்தது. அம்மா அதில் ஒன்றை உடைத்துப் பார்த்தாள். உள்ளே நீல நரம்பு ஓடிக் கெட்டுப்போயிருந்தது. தூக்கி எறிந்துவிட்டு, கொல்லையில் நின்ற செடிகளைப் பிடுங்கிப் புதுக்கிழங்காக எடுத்துவந்தாள்.

எனக்கு எரிச்சல். "கிழங்கா? சம்பந்திக்குக் கிழங்கு வைக்கப் போறியா?" என்றேன். கிழங்கு என்றால் எங்கள் பக்கத்தில் பஞ்சத்துக்குத் தின்பது, கூலிக்குப் போகிற வழியில் தின்பது. யாரும் விருந்தில் வைக்கமாட்டார்கள்.

"தனித்தனியா வெச்சாதான் ஒவ்வொண்ணும் கம்மியா தெரியும். எல்லாத்தையும் ஒண்ணுமேல ஒண்ணு அடுக்கி மூடிட்டா எது எவ்ளோ இருக்குதுன்னு எவனுக்குத் தெரியும்? தேங்கா துருவு" என்றாள்.

சந்தைப்பேட்டையில் துணிக்கடை வைத்திருந்த பாய் வீட்டுக் கல்யாணத்தில், பிரியாணியை எப்படி மூடி நெருப்புப் போடுகிறார்கள் என்று அவள் ஒருதரம் நின்று பார்த்திருக்கிறாள். அவ்வளவுதான் அவளுடைய முன் அனுபவம். கூழ் காய்ச்சுகிற பெரிய டேக்சாவை இறக்கினாள். கோழியைச் சின்னச் சின்னத் துண்டாக்கி, வெங்காயம் நிறைய வதக்கி, மிளகாயும் மல்லியும் சோம்பும் தேங்காயும் அரைத்துவிட்டு முக்கால் வேக்காட்டில் நிறுத்தினாள். அது அடித்தட்டு. அதன்மேல் உப்பும் மஞ்சளும் போட்டு வேகவைத்த கிழங்கை விரல் தடிமனில் நறுக்கி, ஓடு வேய்வதுபோல ஒன்றன் ஓரத்தில் ஒன்று ஏறும்படி பரப்பினாள். சாமை சீக்கிரம் வெந்து குழைந்துவிடும் என்பதால் அரிசியை முதலில் கொதிக்கவிட்டு, அது பாதி வெந்த பிறகுதான் சாமையைக் கொட்டினாள். இரண்டும் ஒரே பதத்துக்கு வந்த நேரத்தில் வடித்து, கிழங்கின்மேல் கொட்டிச் சமப்படுத்தினாள். மேலே பொரித்த வெங்காயம், அவித்த முட்டையைப் பாதிப்பாதியாக, கொத்தமல்லித்தழை, இருந்த கொஞ்சம் நெய். வாழையிலையைப் போட்டு மூடி, தட்டை வைத்து, கேழ்வரகு மாவைப் பிசைந்து விளிம்பைச் சுற்றி அடைத்தாள். கீழே இருந்த கொள்ளியை இழுத்துவிட்டு, தணலை வாரித் தட்டின் மேல் போட்டாள்.

இவ்வளவுக்கும் அவள் எதையும் யோசித்து நின்றதாக எனக்கு ஞாபகம் இல்லை. தப்பாகப் போனால் என்ன ஆகும் என்று நான் பயந்து பயந்து செத்துக்கொண்டிருந்தேன். அவளோ டேக்சாவின் பக்கத்தில் காதை வைத்து உள்ளே கொதிக்கிற சத்தத்தைக் கேட்டுக்கொண்டிருந்தாள். சளசளவென்ற சத்தம் அடங்கி, லேசாகப் பொரிகிற சத்தம் வந்ததும் தணலைத் தள்ளினாள். மாவை உடைத்துத் தட்டைத் திறந்தபோது வந்த வாசனையில் வாசலில் பேச்சு நின்றது. என் அம்மாவைப் போல ஒருத்தி உலகத்தில் உண்டா என்று அந்த நிமிஷம் நினைத்தேன்.

முதல் பரிமாறல் வீட்டு ஆண்பிள்ளை கையால்தான் நடக்கவேண்டும். அம்மா டேக்சாவை அப்பாவிடம் கொடுக்கும்போது தெளிவாகச் சொன்னாள்: "மேலயே வாராதீங்க. ஓரமா கரண்டிய அடிவரிக்கும் வுட்டு, ஒரே வாட்டியா எடுத்துப் போடுங்க."

"சரி சரி, எனக்குத் தெரியாதா" என்றார் அப்பா.

அவருக்குத் தெரிந்தது வேறு. எங்கள் பக்கத்தில் பானையைத் திறந்ததும் மேலாக இருக்கிற சோறுதான் வந்தவர்களுக்கு. அடியைக் கிளறி எடுத்து விருந்தாளிக்குப் போடுவது மரியாதைக் குறைவு. அடிச்சோறு கடைசியில் சாப்பிடுகிற பெண்களுக்கு. அது அவர் கையிலேயே ஊறிப்போன பழக்கம். மாமனாரின் இலைக்கு முன்னால் அப்பா பயபக்தியோடு குனிந்தார், நோகாமல் மேலாக வழித்துப் போட்டார். சாமைச்சோறும் முட்டையும். அடுத்து சித்தப்பாக்களுக்கு மேலாக. மாப்பிள்ளைக்கு மேலாக. இரண்டாவது சுற்றில் கிழங்கு வந்தது.

கதவுக்கு இந்தப் பக்கம் நின்று அம்மா கனைத்தாள். அப்பா திரும்பிப் பார்க்கவில்லை. இன்னொரு தரம் பலமாகக் கனைத்தாள். இன்னும் போடச் சொல்கிறாள் என்று நினைத்துக்கொண்டு மாமனாரின் இலையில் மேலும் ஒரு கரண்டி கிழங்கை வைத்தார். புது மாமனார் முன்னால் போய் நின்று கரண்டியைப் பிடுங்க என்னாலும் முடியாது, சம்பந்தி முன்னால் போக அவளாலும் முடியாது. வாசனையெல்லாம் கோழிக்குழம்பு, இலையில் கிழங்கு. மாமனார் அதைச் சாப்பிட்டார். ரசம் இருக்கிறதா என்று மட்டும் கேட்டார். அப்பாவுக்கு ஏதோ தப்பு நடந்துவிட்டது என்று புரிந்துபோனது, என்ன தப்பு என்று புரியவில்லை. வெற்றிலைத் தட்டை நீட்டினார். என் படிப்பைப் பற்றி வாயே திறக்கவில்லை.

டேக்சாவோடு உள்ளே வந்து, "கோழி எங்கடி?" என்றார்.

"அடியில. நீங்கதான் தோண்டலயே."

"எடுத்துக்கினு போய் வைக்கட்டா?"

"கை கழுவினவங்கள மறுபடி உக்கார வெக்கறது அதவிட அசிங்கம். வுடுங்க" என்றாள். எனக்கு அப்பாவைக் கடித்துக் குதற வேண்டும்போல இருந்தது. கிழங்கு தின்ற மாமனாரிடம் இனி யார் போய்ப் படிப்பைக் கேட்பது?

பெண்கள் சாப்பிட உட்கார்ந்தோம். அத்தை, நான், அம்மா. அம்மா டேக்சாவைச் சாய்த்து, அடியில் ஊறிக் கிடந்த கோழியைக் குழம்போடும் கிழங்கோடும் அள்ளி அத்தையின் இலையில் வைத்தாள். தொடை, நெஞ்சு, ஈரல் எல்லாம்.

"சம்பந்தியம்மா, மறைக்கறதுக்கு ஒண்ணுமில்ல. எல்லாருக்குமா வெச்ச கறி இது. அவரு மேல மேல வாரிட்டாரு, ஆம்பளைங்களுக்கு ஒரு துண்டு கூட போவல" என்றாள்.

அத்தை இலையைப் பார்த்தாள். திட்டப்போகிறாள் என்று நான் நினைத்தேன். அவள் சாப்பிட ஆரம்பித்தாள். வேகமில்லாமல், ஒவ்வொரு துண்டாக. ஈரலைத் தின்று முடித்துவிட்டுப் பேசினாள்.

"எங்க வூட்ல எத்தினி கோழி அடிச்சிருப்பேன். எனுக்குக் கழுத்தும் காலும்தான். கேட்டா குடுப்பாங்க. கேக்கணும்னே தோணல எனுக்கு."

அம்மா அவள் இலையில் இன்னும் கொஞ்சம் வைத்தாள். பிறகு, அப்பா கேட்கவேண்டியதை, அப்பா கேட்டிருக்கக்கூடியதைவிடச் சின்னதாகக் கேட்டாள். "பொண்ணுக்கு இன்னும் ஒரு வருசம்தான் பாக்கி. நாங்க கேட்டுட்டோம், அவரு பாத்துக்கலாம்னாரு. நீங்க இன்னா சொல்றீங்க?"

அத்தையிடம் அதுவரை யாரும் எதையும் அப்படிக் கேட்டதில்லை போலிருக்கிறது. கையிலிருந்த துண்டை இலையில் வைத்தாள். பிறகு என் பக்கம் திரும்பி, "எப்ப தொறக்கறாங்க?" என்றாள்.

"திங்கக்கெழம அத்த."

அவள் எச்சில் கையோடு எழுந்து கதவோரம் போனாள். வாசலில் கயிற்றுக் கட்டிலில் ஆண்கள் மறியலைப் பற்றிப் பேசிக்கொண்டிருந்தார்கள்.

"இன்னாங்க. பொண்ணு நாளிக்கு நம்மகூட வரல. திங்கக்கெழம படிக்கப் போவுது."

"யாரு முடிவு பண்ணது?" என்றார் மாமனார்.

"நான்தான்" என்றாள் அத்தை.

அம்மா என் முழங்கையைப் பிடித்துக்கொண்டாள். பிறகு மாமனாரின் குரல் வந்தது, யாரையோ பார்த்துக் கேட்பதுபோல: "பஸ்ஸு இல்ல. அப்ப திங்கக்கெழம வண்டிய யாரு ஓட்டறது?"