சுவரில் ஒட்டிய முகம்

அவனை எல்லாரும் ஆணி என்றுதான் கூப்பிடுவார்கள். தொலைக்காட்சித் தொடர்களுக்கு செட் போடுகிற கூட்டத்தில், வாயில் நாலு ஆணியைக் கவ்விக்கொண்டே பேசக்கூடியவன் அவன் ஒருவன்தான். அவன் குடும்பத்தில் முதல் பட்டதாரியும் அவன்தான். படித்தது வரலாறு. "எம் பையன் டிவியில இருக்கான்" என்று அம்மா சொந்தக்காரர்களிடம் சொல்லும்போதெல்லாம், அந்தப் படிப்புக்கும் இந்தச் சுத்தியலுக்கும் என்ன சம்பந்தம் என்று ஒரு கேள்வி உள்ளே எட்டிப் பார்க்கும். பதில் யோசிப்பதற்குள் யாராவது, "ஆணி, கதவு சாயுது பாரு!" என்று கத்துவார்கள்.

இப்போது ஓடுவது ஒரு மர்மத் தொடர். புறநகர்த் தெருவில் ஒரு குழந்தை காணாமல் போகிறது. தேடப் போனால் வீட்டுக்கு வீடு ஒரு ரகசியம் கிளம்புகிறது. வாத்தியார் வீட்டுப் பரணில் இருக்கும் பூட்டிய பெட்டி, டாக்டரம்மா அலமாரியில் இருக்கும் கிழிந்த கடிதம், எல்லாம் ஆணியின் கைவேலை. குழந்தையாக நடிக்கப்போவது யார் என்று முடிவாகும் முன்பே ஆணியின் வீட்டருகே தெருக்காட்சியை எடுக்க வேண்டி வந்தது. 'காணவில்லை' போஸ்டருக்கு அவசரமாக ஒரு முகம் தேவைப்பட்டது. ஆணி தன் எட்டு வயது மகளின் போட்டோவைக் கொடுத்துவிட்டான். மனைவியிடம் மூச்சு விடவில்லை; அவள் வேலைக்குப் போவது வேறு வழி. படப்பிடிப்பு முடிந்ததும் கிழித்துவிட்டால் யாருக்குத் தெரியப் போகிறது? ஆனால் அன்று மழை. மறுநாள் வேறு செட். நாளைக்கு நாளைக்கு என்று மூன்று வாரம் ஓடிவிட்டது.

அன்று அவனுக்கு விடுமுறை. மகளின் பள்ளி வேன் வரும் முனையில் காத்திருந்தான். வேன் வரவில்லை. பெரிய ரோடு வரைக்கும் நடந்தபோது, வேன் பானெட்டைத் திறந்தபடி நின்றிருந்தது.

"உங்க பொண்ணா? வீடு பக்கம்தான், நானே போயிடுவேன்னு நடந்துட்டாளே. அரை மணி ஆச்சே!" என்றார் டிரைவர்.

ஆணி வந்த வழியே ஓடினான். போனில் இருந்த மகள் படத்தை டீக்கடைக்காரரிடம் நீட்டினான்.

"இந்தப் பொண்ணா? மூணு வாரமா காணோமே! நம்ம லைட் கம்பத்துலயே ஒட்டியிருக்கு. நீங்க யாரு?"

"அப்பாங்க."

"நல்ல அப்பா! இப்பத்தான் தேடணும்னு தோணுச்சா?"

"இல்லண்ணே, அது சும்மா. இப்பதான் நெஜமா காணோம்."

டீ குடித்துக்கொண்டிருந்த பெரியவர் தம்ளரைக் கீழே வைத்தார். "சும்மா காணாமப் போறதுன்னு ஒண்ணு இருக்கா தம்பி?"

எதிரே கம்பத்தில் வெயிலில் வெளுத்துப்போன மகள் சிரித்துக்கொண்டிருந்தாள். மனைவிக்குப் போன் போட விரல் போனது. என்ன சொல்வது என்று தெரியாமல் திரும்பி வந்தது. அப்போதுதான் படத்துக்குக் கீழே இருந்த எண் கண்ணில் பட்டது. வாய்க்கு வந்த எண்ணைப் போட்டால் யாரோ ஒரு அப்பாவிக்குத் தொல்லை. அதனால் இந்த மாதிரி வேலைக்கென்றே ஒரு பழைய போன் வைத்திருந்தான்; போஸ்டரில் இருந்தது அதன் எண்தான். அது வீட்டில், கருவிப் பையில், சார்ஜ் இல்லாமல் கிடந்தது.

அவளை யாராவது பார்த்திருந்தால் இந்த எண்ணுக்குத்தானே கூப்பிடுவார்கள்!

வீட்டுக்கு ஓடி, போனை சார்ஜில் செருகினான். அது கண்ணைத் திறப்பதற்குள் இவனுக்கு உயிர் போய் உயிர் வந்தது. ஒரே எண்ணிலிருந்து ஏழு முறை அழைத்ததாகக் குறுஞ்செய்தி வந்திருந்தது. அழைத்தான்.

"ஏங்க, நம்பரைப் போட்டுட்டு போனை ஆஃப் பண்ணி வெப்பீங்களா?" என்று சீறினாள் ஒரு பெண். "மெடிக்கல் ஷாப்லேருந்து பேசுறேன். போஸ்டர்ல இருக்கற பொண்ணு இந்தப் பக்கம் வந்தா, புடிச்சு உட்கார வெச்சிருக்கேன். இன்னும் அஞ்சு நிமிஷம் பார்த்துட்டு ஸ்டேஷனுக்குக் கூட்டிட்டுப் போகலாம்னு இருந்தேன்."

"பொண்ணு... நல்லா இருக்காளா?"

"இருமல் மிட்டாய் தின்னுட்டு இருக்கா. வாங்க."

இரண்டு தெரு தள்ளி அந்தக் கடை. மகள் ஸ்டூலில் உட்கார்ந்து காலை ஆட்டிக்கொண்டிருந்தாள். ஆணி உள்ளே பாய்ந்தான். கடைக்கார அக்கா குறுக்கே கையை நீட்டினாள்.

"நில்லுங்க. போஸ்டர்ல ஒரு பேரு, இவ சொல்றது ஒரு பேரு. பாப்பா, இவரு யாரு?"

"எங்கப்பா. டிவிக்கு ஆணி அடிப்பாங்க."

"அப்புறம் ஏன் காணாமப் போனது நீதான்னு சொன்னே?"

"படத்துல இருக்கறது நீயான்னுதானே கேட்டீங்க? ஆமான்னேன். பொய் சொல்லச் சொல்றீங்களா?"

ஆணி மூச்சு வாங்க நடந்ததைச் சொன்னான். போனில் இருந்த படங்களை, தொட்டில் நாளிலிருந்து, ஒவ்வொன்றாகத் தள்ளிக் காட்டினான். அக்கா கையை இறக்கினாள். "ஒட்டத் தெரிஞ்சவருக்குக் கிழிக்கத் தெரியாதா?" என்றாள். அவன் மகளை வாரி அணைத்து அப்படியே படியில் உட்கார்ந்துவிட்டான். அவள் தலையில் வெயில் வாசமும் இருமல் மிட்டாய் வாசமும் அடித்தன.

"அக்கா, அப்பா அழறாங்க."

"அழட்டும் விடு. நல்லதுதான்."

தண்ணீர் குடித்துவிட்டு மனைவிக்குப் போன் செய்தான். தையல் கம்பெனியின் இரைச்சலுக்கு நடுவே, போஸ்டரிலிருந்து தொடங்கி ஒன்றுவிடாமல் சொன்னான்.

"அவகிட்ட குடுங்க."

கொடுத்தான். மகள் "ம்... ம்... அடிபடலம்மா... மூணு மிட்டாய்" என்றெல்லாம் சொல்லிவிட்டுப் போனைத் திருப்பிக் கொடுத்தாள்.

பிறகு ஆரம்பித்தது. அறிவு இருக்கா, பெத்த பிள்ளை முகத்தைக் கம்பத்துல ஒட்ட எப்படிக் கை வந்துச்சு, எங்கிட்ட மறைக்கிற அளவுக்கு நான் என்ன பேயா, வீட்டுக்கு வர்றேன் வெச்சுக்கறேன். ஆணி, மகளை மடியில் இறுக்கிக்கொண்டு, "ஆமா... தப்புதான்... சரி... ஆமா" என்று ஒவ்வொன்றுக்கும் தலையாட்டிக்கொண்டே கேட்டான். போனைக் காதிலிருந்து ஒரு அங்குலம்கூட நகர்த்தவில்லை.