உள்ளங்கை தேய்க்கும் வைத்தியர்

பழவேற்காட்டில் ஒல்லாந்தர் கோட்டை வைத்தியருக்கு வெந்த நண்டு போலச் சிவந்த முகம். எதைக் கேட்டாலும் உள்ளங்கைகளைத் தேய்த்துவிட்டுத்தான் பதில் சொல்வார்.

என் தம்பி, பறிக்கூடையைப் பல்லில் கவ்விக்கொண்டு ஏரியில் கையாலேயே இறால் பிடிப்பவன். வலது அடிவயிறு வலிக்கிறது என்றான். ஏரித் தண்ணீரை விழுங்கியிருப்பான் என்று எங்கள் வழக்கப்படி முடிவு கட்டி, விளக்கெண்ணெயை இரண்டு தடவை நானே ஊற்றினேன். ஊரில் என் பேச்சை யாரும் மதித்ததில்லை. அவன் மட்டும் மதித்துக் குடித்தான்.

மூன்றாம் நாள் கோட்டைக்குத் தூக்கிப் போனோம். வைத்தியர் அவன் வயிற்றை மெல்ல அழுத்தி, சட்டென்று கையை எடுத்தார். எடுத்தபோதுதான் தம்பி அலறினான்.

"கத்தி வெச்சாவது என் தம்பியக் காப்பாத்து தொரை! என் படகை எடுத்துக்கோ. என்னைய வேணாலும் வித்துக்கோ, இன்னா, பெருசா வெல வராது."

வைத்தியர் சிரிக்கவில்லை. கையைத் தேய்த்தார். "உள்ளே குடல் உடைஞ்சு போச்சு. வெட்டினா இப்பவே சாவு."

"நான் குடுத்த எண்ணெயாலயா தொரை?"

"இல்லை" என்றார், உடனே.

சாயங்காலம் தம்பி போய்விட்டான். அந்த 'இல்லை'யை இன்றும் நம்பப் பார்க்கிறேன். அதற்கு மட்டும் அவர் கையைத் தேய்க்கவில்லை.